எக்கோவும் காணாமப்போன அத்தியாயங்களும்

அன்புள்ள அக்கா,

வணக்கம். நான் ஈரோட்டுல ஒரு துணி கம்பெனியில அக்கவுண்ட்ஸ் பாக்குறேன். நண்பர்கள் அஞ்சாறு பேர் மாசம் ஒரு தடவை கூடி புத்தகம் பேசுவோம். போன மாசம் உங்க சிறுகதை ஒண்ணை எடுத்துக்கிட்டோம், காஞ்சுபோன தென்னங்கன்னுக்கு தினமும் தண்ணி ஊத்துற பெரியவர் கதை. என் வாசிப்பு என்னன்னா, அந்தப் பெரியவர் கதை ஆரம்பிக்கிறதுக்கு முன்னாடியே செத்துட்டார், கதை முழுக்க நடமாடுறது அவரோட ஆவி. ஒருத்தரும் ஒத்துக்கல. பால்காரர் அவர்கிட்ட பேசுறாரேன்னு கேட்டாங்க. பால்காரரும் செத்தவரா இருக்கலாமேன்னு சொன்னேன், சிரிக்கிறாங்க. இத்தாலி எழுத்தாளர் உம்பர்ட்டோ எக்கோ 'திறந்த படைப்பு'ன்னு சொல்லியிருக்கார் இல்லையா, வாசகன்தான் படைப்பை முடிச்சு வைக்கிறான்னு? அப்புறம் என் வாசிப்பை தப்புன்னு சொல்ல யாருக்கும் உரிமை கிடையாது, உங்களுக்கும்தான் (கோச்சுக்காதீங்க அக்கா).

எக்கோவை முழுசா படிக்கணும்னு ஆசை. அவரோட 'த நேம் ஆஃப் த ரோஸ்' நாவல் பிடிஎஃப்பை போன்ல டவுன்லோட் பண்ணி தொண்ணூறு பக்கம் வரைக்கும் வந்தேன், அதுக்கு மேல முடியல. எதுல ஆரம்பிச்சா நல்லது? காமிக்ஸ், டிவி பத்தியெல்லாம் அவர் எழுதினதை விட்டுட்டு நேரா சீரியஸான கட்டுரைகளுக்குப் போயிடலாமா? பாசிசத்தைக் கண்டுபிடிக்க அவர் சொன்ன 14 பாயிண்ட்டை வச்சு நாங்க ஒரு மார்க் ஷீட் போட்டிருக்கோம், அனுப்பட்டுமா? சோஷியல் மீடியா முட்டாள் படைக்கு பேச்சுரிமை கொடுத்துடுச்சுன்னு அவர் சொன்னது எவ்வளவு உண்மை! எங்க வாட்ஸப் குரூப் டிபியே அந்த வரிதான்.

அன்புடன்,
எஸ்.

*

அன்புள்ள தம்பி,

கோச்சுக்கல. உங்க கடிதம் வந்த நேரம் அப்படி, இதே விஷயம்தான் கொஞ்ச நாளா எனக்கும் மண்டைக்குள்ள ஓடிட்டிருக்கு. ஒரு கூட்டத்துல ஒருத்தர் எழுந்து, எழுதினவனுக்கு தன் புத்தகத்தைப் பத்திப் பேச உரிமையே இல்லைன்னு சொல்லி, எழுதினவர் கையில இருந்த மைக்கையே வாங்கிட்டு அரைமணி நேரம் பேசினார், கூட்டம் கைதட்டுது, நான் பின்வரிசையில உக்காந்து பல்லைக் கடிச்சுட்டு இருந்தேன். அந்தக் கோபத்துல கொஞ்சம் உங்க மேலயும் விழும். பொறுத்துக்கோங்க.

முதல்ல என் கதை. நான் எழுதினப்போ பெரியவர் உயிரோடதான் இருந்தார். ஆனா அதை ஒரு வாதமா நான் வைக்கல, நான் என்ன நெனச்சேன்ங்கிறது உங்களுக்குத் தேவையே இல்லாத சமாச்சாரம். நாளைக்கு நான் போய்ச் சேந்துட்டா யாரைக் கேப்பீங்க? உங்க ஆவியை மறுக்கிறது நான் இல்ல தம்பி, பால்காரர். கதைக்கு நடுவுல அவர் சைக்கிளை ஸ்டாண்ட் போட்டு, பெரியவர் கையில இருந்து சில்லறையை வாங்கி, உள்ளங்கையில பரப்பி எண்ணிப் பாத்துட்டு, 'ரெண்டு ரூபா கொறையுது தாத்தா, நாளைக்குச் சேத்துக் குடுங்க'ன்னு சொல்லிட்டுப் போறார். ஆவிக்கு யாராவது கடன் சொல்லுவாங்களா?

சரி, பால்காரரும் செத்தவர்னே வச்சுக்குவோம். கடைசியில மருமக வந்து சாப்பிடக் கூப்பிடுறாளே, அவ? அவளையும் கொன்னாகணும். பக்கத்து வீட்டுக்காரர் மோட்டார் சத்தம் ஜாஸ்தியா இருக்குன்னு சண்டைக்கு வர்றாரே, அவரையும். இப்படி ஒவ்வொருத்தரா போட்டுத்தள்ளிட்டே போனா கதையில மிஞ்சுறது அந்தக் காஞ்ச தென்னங்கன்னு ஒண்ணுதான், பாவம் அது ஏற்கனவே செத்துப்போச்சு. கவனிச்சீங்களா, உங்களை மறுக்க வர்ற ஆளு ஒவ்வொருத்தரும் உங்க கட்சி சாட்சியா மாறிடுறாங்க. 'இல்ல'ன்னு சொல்ல வந்ததே 'ஆமா'வுக்கு ஆதாரம் ஆயிடுது. எக்கோ ஆயுசுல பாதியை இந்த வியாதியைப் பத்தித்தான் எழுதினார். அவரைப் போய் உங்களுக்கு வக்கீலா கூட்டிட்டு வந்திருக்கீங்க.

'திறந்த படைப்பு' வந்தது 1962ல. அவருக்கு முப்பது வயசு. அதுக்கு முன்னாடி இத்தாலி அரசு ரேடியோ-டெலிவிஷன்ல சில வருஷம் வேலை பாத்தவர், மிலான்ல லூச்சானோ பெரியோ மாதிரி புது இசைக்காரங்களோட பழக்கம். அந்தப் புத்தகம் இலக்கியத்துல ஆரம்பிக்கல, இசையில ஆரம்பிக்குது. ஜெர்மன் இசையமைப்பாளர் ஸ்டாக்ஹவுசனோட பியானோ உருப்படி ஒண்ணு, வரிசையில பதினொண்ணாவது. ஒரே ஒரு பெரிய தாள், அதுல 19 துண்டு இசை அங்கங்க சிதறி அச்சடிச்சிருக்கும், வாசிக்கிறவர் எதுல வேணா ஆரம்பிக்கலாம், அடுத்தது எதுங்கிறதும் அவர் இஷ்டம், அதனால ஒரு நாள் வாசிச்ச மாதிரி இன்னொரு நாள் இருக்காது. எவ்வளவு சுதந்திரம்! ஆனா அந்த 19 துண்டும் ஸ்டாக்ஹவுசன் எழுதினது. தாள்ல இல்லாத சினிமா பாட்டை நடுவுல செருகினீங்கன்னா அது வேற கச்சேரி. திறந்த படைப்புன்னா இவ்வளவுதான் அர்த்தம், எந்த வழியா வேணா போகலாம், ஆனா இந்தத் தாளுக்குள்ள. புத்தகத்துப் பேரை மட்டும் வச்சுக்கிட்டு கூட்டத்துல பேசுறவங்க இந்தத் தாளை மறந்துடுறாங்க.

அது எந்த அளவுக்குப் போச்சுன்னா அவரே பின்னாடி தலையில அடிச்சுக்க வேண்டியதாப் போச்சு. 1990ல கேம்பிரிட்ஜ்ல டேனர் சொற்பொழிவுகள்ல அவர் சொன்ன முக்கியமான விஷயமே, வாசகனோட உரிமையை கடந்த சில பத்தாண்டுகள்ல நாம ரொம்பத்தான் தூக்கிப் பிடிச்சுட்டோம், பிரதிக்கும், அதாவது எழுதி வச்சிருக்கிற எழுத்துக்கும், உரிமை இருக்குங்கிறதுதான். எதிர்ல தத்துவவாதி ரிச்சர்ட் ரோர்ட்டி, விமர்சகர் ஜோனதன் கல்லர் மாதிரி பெரிய ஆளுங்க உக்காந்து மறுத்துப் பேசினாங்க, அந்தச் சண்டையே தனிப் புத்தகமா வந்திருக்கு, படிச்சா ஜாலியா இருக்கும். அதுல எக்கோ ஜாக் த ரிப்பரை, அந்தக் கால லண்டன் கொலைகாரனை, இழுக்கிறார். லூக்கா சுவிசேஷத்தை நான் இப்படிப் புரிஞ்சுக்கிட்டேன், அதனாலதான் இத்தனை பொம்பளைங்களைக் கொன்னேன்னு அவன் வந்து சொன்னா, வாசகன் உரிமைன்னு விட்டுடுவோமான்னு கேக்குறார். எது சிறந்த வாசிப்புன்னு சொல்ல விதி கிடையாது, ஆனா எது மோசமான வாசிப்புன்னு சொல்லிட முடியும், அதுதான் அவர் கட்சி. எனக்கு இது போதும். ரோர்ட்டி சொல்றதுலயும் நியாயம் இருக்கு, அதுக்குள்ள இப்போ போகல.

'ஃபூக்கோஸ் பெண்டுலம்' நாவல் (1988) முழுக்க இதுதான். மிலான்ல ஒரு பதிப்பகம், காசு வாங்கிட்டு யார் எழுதினதையும் போடுற பிசினஸும் அதுக்கு உண்டு, அங்க வேலை பாக்குற மூணு படிச்ச ஆசாமிங்க. ஒரு ரிட்டயர்ட் கர்னல் வந்து பழைய பிரெஞ்சுல இருக்கிற ஒரு துண்டுக் காகிதத்தைக் காட்டி, டெம்ப்ளர்ங்கிற சிலுவைப்போர் காலத்து வீரர்கள் உலகத்தையே பிடிக்கப் போட்ட ரகசியத் திட்டம் இதுங்கிறார். மூணு பேரும் முதல்ல கிண்டலா அதை வளக்க ஆரம்பிக்கிறாங்க, எதைத் தொட்டாலும் அதோட ஒட்டிக்குது, கம்ப்யூட்டர்ல வேற போட்டுக் கலக்குறாங்க, விளையாட்டு கடைசியில உயிரைக் குடிக்குது. நடுவுல லியான்னு ஒரு பொண்ணு, கதை சொல்றவரோட துணைவி, வயித்துல பிள்ளையோட இருக்கிறவ. காகிதம் கிடைச்ச ஊர்ல டூரிஸ்ட்டுங்களுக்குக் கொடுக்கிற சாதா கைடு புத்தகத்தை எடுத்து வச்சுக்கிட்டு அதே காகிதத்தைப் படிக்கிறா. வண்டி வைக்கோலுக்கு இவ்வளவு, இன்ன தெருவுக்கு துணி, இன்னின்ன இடத்துக்கு ரோஜாப்பூ கொத்து, ஒரு யாபாரி எழுதின டெலிவரி லிஸ்ட்! கதையை உடைச்சுட்டேன், பரவாயில்ல, தெரிஞ்சு படிச்சாலும் நல்லாத்தான் இருக்கும். அந்த நாவல்ல எனக்குப் பிடிச்ச ஆளு அவதான். நூத்துக்கணக்கான வருஷ மர்மத்தை ஒரு பில்லா மாத்திடுறா.

அவருக்கும் உங்களை மாதிரி ஒரு வாசகர் கடிதம் போட்டிருக்கார். நாவல்ல கதை சொல்றவர் 1984 ஜூன் 23 ராத்திரி பாரிஸ்ல தெருத்தெருவா நடந்து போவார். அந்த வாசகர் பாரிஸ் தேசிய நூலகத்துக்கே போய் மறுநாள் பேப்பரையெல்லாம் தேடிப் படிச்சிருக்கார். நடுராத்திரிக்கு மேல ரெயோம்யூர் தெரு முனையில ஒரு தீ விபத்து நடந்திருக்கு, உங்க ஆளு அந்த வழியாத்தானே போனார், அவர் கண்ணுல எப்படிப் படலைன்னு கேள்வி. பாத்திருப்பார், ஏதோ காரணத்துக்காக நம்மகிட்ட சொல்லல போலன்னு எக்கோ கிண்டலா பதில் போட்டுட்டார். அதே நாவலைப் படிச்சுட்டு ரெண்டு மாணவர்கள் அந்த ராத்திரி நடையை தெரு தெருவா போட்டோ எடுத்து ஆல்பமா கொண்டுவந்து கொடுத்திருக்காங்க, அதுல எக்கோ தான் கற்பனையா எழுதினதா நெனச்சுட்டிருந்த ஒரு அழுக்கு பார்கூட இருந்திருக்கு, தேடிக் கண்டுபிடிச்சுட்டாங்க. ரெண்டு பேருமே அதிகப்படியா வாசிச்சவங்கதான். ஆனா மாணவர்கள் போனது நாவல் சொன்ன வழியில, முதல் ஆளு போனது நாவலுக்கு வெளியில நின்னு அதைக் குறுக்கு விசாரணை பண்ண. ஹார்வர்ட்ல எக்கோ பேசின ஆறு சொற்பொழிவுல இது வருது. உங்க கடிதத்தைப் படிச்சதும் எனக்கு அந்தத் தீ விபத்து ஆளுதான் ஞாபகம் வந்தார், அவர் மேல எனக்குக் கொஞ்சம் பாசமும் உண்டு. ஒரு கதைக்காக லைப்ரரி வரைக்கும் போறவன் எவ்வளவு பேர் இருக்கான்!

எக்கோவோட தாத்தா அச்சுக்கோக்கிறவர், ரிட்டயர் ஆனப்புறம் புக் பைண்டிங் பண்ணிட்டிருந்தார். அவர் செத்தப்புறம் பைண்டிங்குக்கு வந்து யாரும் திரும்ப வாங்காத புத்தகங்களை ஒரு பெட்டியில போட்டு வீட்டுக்கு அடியில வச்சுட்டாங்க. கரி எடுக்க கீழ அனுப்பின பையன் ஒரு நாள் பெட்டியைத் திறந்துட்டான், அதோட சரி. இதை ஒரு பேட்டியில படிச்சப்போ எனக்கு எங்க பெரியம்மா வீடு கண்ணு முன்னாடி வந்து நின்னுச்சு. உங்க வயசுக்கு இது தெரியுமான்னு தெரியல, அப்போல்லாம் வாரப் பத்திரிகையில வர்ற தொடர்கதையை வாராவாரம் கிழிச்சு எடுத்து வச்சு, முடிஞ்சதும் ஒண்ணா தைச்சு பைண்ட் பண்ணி வீட்டுல வச்சுக்குவாங்க. பெரியம்மா அதுல கில்லாடி. கோணி ஊசியில ஓட்டை போட்டு, நூலை மெழுகுல இழுத்து, மைதா பசை காய்ச்சி, பழைய காலண்டர் அட்டையை மேல ஒட்டிடுவா. பின்பக்கம் பூரா பாதி ஜோக்கும் தலைமுடி எண்ணெய் விளம்பரமும் இருக்கும். தையல் உள்பக்கமா ஏறிடுறதால ஒவ்வொரு வரியிலயும் ஓரத்து எழுத்தை அது முழுங்கிடும், நாமளே போட்டுப் படிச்சுக்கணும். அதைவிட முக்கியம், அத்தியாயம் காணாமப்போயிருக்கும். பக்கத்து வீட்டுல இரவல் வாங்கினவங்க பத்திரிகையைத் திருப்பித் தந்திருக்க மாட்டாங்க, இல்லைன்னா அந்த வாரம் பேப்பர்காரர் போட்டிருக்க மாட்டார். பதினாறுக்கு அப்புறம் நேரா இருபதுதான்.

நானும் பெரியம்மா பையன் அண்ணனும் அந்தப் பள்ளத்துல விழுந்து அடிச்சுப்போம். பதினாறு முடியுற இடத்துல கதாநாயகி ராத்திரி வீட்டை விட்டு ஆத்தங்கரைப் பக்கம் போறா. நான் அவளை ஆத்துல தள்ளிட்டேன், சந்தேகமே இல்ல, அழுதுகூட முடிச்சாச்சு. அண்ணன் வேற மாதிரி, அவளுக்கு ஒரு கடுதாசி வந்திருக்கு, அதை மாமியார் ஒளிச்சு வச்சுட்டான்னான். பெரியம்மா அந்தந்த வாரமே சுடச்சுடப் படிச்சவ, அவளுக்குத் தெரியும், கேட்டா 'மேல படி'ம்பா, அவ்வளவுதான். இருபதாவது அத்தியாயம் முதல் வரியில அந்தப் புண்ணியவதி காபி ஆத்திட்டு நிக்கிறா! நான் செஞ்ச கொலை அங்கேயே வாபஸ். எனக்கு வந்த ஆத்திரம் இருக்கே, எழுதினவர் தப்பா எழுதிட்டார்னுகூட சாதிச்சுப் பாத்தேன். அண்ணன் கடுதாசியோ கடைசிவரைக்கும் தப்பிச்சுது, எந்த அத்தியாயமும் அதை ஆமாங்கல, இல்லைங்கல. அதனால அந்தக் கதையில ஒரு கடுதாசி உண்டுன்னு எங்க வீட்டுல இன்னைக்கும் நம்புறோம்.

பிரதிங்கிறது ஒரு சோம்பேறி மிஷின், வாசகன் வேலை செஞ்சாத்தான் ஓடும்னு எக்கோ எழுதியிருக்கார். பைண்டு புத்தகத்துல அந்தச் சோம்பேறித்தனம் கொஞ்சம் தூக்கலா இருந்துச்சு, அவ்வளவுதான். எழுதினவர் ஆயிரம் விஷயத்தைச் சொல்லாம விடுறார், நாம போட்டு நிரப்புறோம், நிரப்பாம ஒரு கதையும் படிக்க முடியாது. ஆனா நிரப்பினதுக்கு அடுத்த பக்கத்துல இருபதாவது அத்தியாயம் ஒண்ணு காத்துட்டிருக்கும். அதை மதிக்கணும் தம்பி. காபி ஆத்துறவளைப் பாத்து 'இதுவும் பொணம்தான்'னு சொல்லக்கூடாது. நீங்க செஞ்சது அதுதானே?

இது என்ன பெரிய குத்தமா, ஒரு சின்னக் கதையில ஒரு ஆவிதானேன்னு தோணும். கதையில ஒண்ணும் இல்லதான். அந்தப் பழக்கம் கதைக்கு வெளியில வந்து என்ன பண்ணுச்சுன்னு எக்கோ காட்டுறார், ஹார்வர்ட் பேச்சுல கடைசியிலயும், 'ப்ராக் செமட்ரி' நாவல்லயும் (2010). 1864ல மோரிஸ் ஜோலின்னு ஒரு பிரெஞ்சு வக்கீல், அப்போ பிரான்சை ஆண்ட மூணாம் நெப்போலியனைக் கிழிச்சு ஒரு அங்கதம் எழுதினார். நரகத்துல மாக்கியவல்லி, மோன்தெஸ்கியூன்னு ரெண்டு பழைய அரசியல் சிந்தனையாளர்கள் உக்காந்து பேசுற மாதிரி. பதினஞ்சு மாசம் ஜெயில். யூதங்க பேரே அதுல கிடையாது. அந்தப் புத்தகத்துல இருந்து பத்தி பத்தியா உருவி, பேசுற ஆளை மட்டும் மாத்தி, யூதர்கள் ரகசியமா கூடி உலகத்தைப் பிடிக்கப் போட்ட திட்டம்னு ஒரு போலி ஆவணம் செஞ்சாங்க, ரஷ்யாவுல 1903ல பத்திரிகையில வந்துச்சு, 'சியோன் மூப்பர்களின் நெறிமுறைகள்'னு அதுக்குப் பேரு. 1921ல லண்டன் டைம்ஸ் ரெண்டையும் பக்கத்துல பக்கத்துல வச்சு, இந்தா பாருங்க காப்பின்னு வெளிச்சம் போட்டுக் காட்டிருச்சு. இதுக்கு மேல என்ன வேணும்? இதைவிடத் தெளிவா ஒரு பால்காரர் யாருக்கு வாய்ப்பார்? ஹிட்லர் தன் புத்தகத்துல என்ன எழுதினார் தெரியுமா, இது போலின்னு ஒரு ஜெர்மன் பத்திரிகை திரும்பத் திரும்பப் புலம்புதே, அது உண்மைங்கிறதுக்கு அதுதான் சிறந்த ஆதாரம்னு.

ரெண்டையும் ஒண்ணுன்னு நான் சொல்லல, சத்தியமா இல்ல. நீங்க ஆவி பாத்தது கதை மேல இருந்த ஆசையில. ஆனா மறுக்கிறவனையே ஆதாரமா மாத்துற அந்த ஒரு அசைவு இருக்கே, அது அதேதான். உங்க குடும்ப வாட்ஸப் குரூப்புலயும் நிச்சயம் ஒரு மாமா இருப்பார். 'இது பொய்யான செய்தி மாமா'ன்னு சொன்னீங்கன்னா 'இப்படி நீ சொல்லுவேன்னு அவங்களுக்குத் தெரியும், அதனாலதான் மறைக்கிறாங்க'ம்பார். அவர்கிட்ட என்ன பேசுவீங்க? பேச முடியாது. அந்த இடத்துல உங்க நண்பர்கள் அன்னைக்கு நின்னிருக்காங்க, பாவம்.

மத்த கேள்விகளுக்கு வர்றேன்.

குரூப் டிபி. மாத்துங்க. 2015 ஜூன்ல டூரின் பல்கலைக்கழகத்துல கௌரவப் பட்டம் வாங்கினப்போ அவர் பேசினது அது. முன்னாடியெல்லாம் பார்ல ஒரு கிளாஸ் ஒயின் அடிச்சுட்டுப் பேசினவனை பக்கத்துல இருக்கிறவன் அடக்கிடுவான், யாருக்கும் நஷ்டமில்ல, இப்போ நோபல் வாங்கினவனுக்கு இருக்கிற அதே உரிமை அவனுக்கும்னார். சொன்னார், இல்லைங்கல. ஆனா அதோட நிறுத்தல. பத்திரிகைகள் வெப்சைட்களை அலசி எது நம்பலாம் எது கூடாதுன்னு தினமும் எழுதணும், வாத்தியாருங்க பசங்களுக்கு இணையத்துல இருந்து எப்படி எடுக்கிறது, நாலு இடத்துல ஒப்பிட்டுப் பாக்குறது எப்படின்னு சொல்லித்தரணும்னு தொடர்ந்து பேசினார். அந்தப் பாதி டிபியில ஏறாது, ஏன்னா அதுல வேலை இருக்கு. அடுத்தவனை முட்டாள்னு சொல்ல எக்கோ எதுக்கு? அதுவும் அந்த வரியை எங்க இருந்து எடுத்தீங்க, சமூக ஊடகத்துல ஃபார்வர்ட் ஆகி வந்த படத்துல இருந்துதானே!

14 பாயிண்ட் மார்க் ஷீட் எனக்கு வேண்டாம். அந்தக் கட்டுரை கொலம்பியா பல்கலைக்கழகத்துல 1995 ஏப்ரல் 25 பேசினது, இத்தாலி பாசிசத்துல இருந்து விடுதலையாகி 50 வருஷம். எல்லாரும் பின்பாதி லிஸ்ட்டை மட்டும் கத்தரிச்சு வச்சிருக்காங்க. முன்பாதியைப் படிங்க தம்பி. 1942ல பத்து வயசுல, முசோலினிக்காக சாகணுமான்னு ஒரு கட்டுரைப் போட்டி, ஆமான்னு எழுதி பரிசு வாங்கின பையன் அவர். மூணு வருஷம் கழிச்சு அவர் இருந்த சின்ன ஊருக்குள்ள பாசிசத்தை எதிர்த்துச் சண்டை போட்ட பார்ட்டிசான் படை வருது. சதுக்கத்துல கூட்டம் கூடி தலைவர் மீமோ பேரைச் சொல்லிக் கத்துது. ஒரு காலை இழந்தவர், கட்டையை ஊனிக்கிட்டு டவுன்ஹால் பால்கனிக்கு வர்றார், முகமெல்லாம் வெளுத்துப்போயிருக்கு, கையைத் தூக்கி கூட்டத்தை அடக்குறார். முசோலினியோட பெரிய பெரிய பிரசங்கத்தைக் கேட்டு வளந்த பையன் அதே மாதிரி ஒண்ணுக்குக் காத்திருக்கான். மீமோ ரெண்டு மூணு வாக்கியம் பேசுறார். மக்களே, நண்பர்களே, எவ்வளவோ இழந்தாச்சு, வந்து சேந்துட்டோம், விடுதலைக்காக செத்தவங்களுக்குப் புகழ். உள்ள போயிட்டார். அவ்வளவுதான் பேச்சு! அப்புறம் அமெரிக்க ராணுவ அதிகாரி ஒருத்தர் தந்த முதல் சூயிங் கம், பகல் பூரா மென்னுட்டு ராத்திரி ஒரு டம்ளர் தண்ணியில போட்டு வைப்பார், காலையில மறுபடி மெல்ல. இந்த டம்ளரையும் அந்தக் கட்டையையும் விட்டுட்டு லிஸ்ட்டை மட்டும் டிக் அடிச்சா, ஆகாத ஆளைத் திட்ட ஒரு படிவம் கிடைக்கும்.

காமிக்ஸை விட்டுடலாமான்னு கேட்டீங்க. விடக்கூடாது, இது உத்தரவு. 1962ல சூப்பர்மேன் பத்தி எழுதின கட்டுரையில ஒரு கேள்வி: கிரகத்தையே நகத்துற பலம் உள்ள ஒருத்தன், பசியையும் போரையும் ஒழிக்கக்கூடியவன், ஏன் சின்ன நகரத்துல பேங்க் திருடனையே பிடிச்சுட்டு இருக்கான்? அவன் உலகத்துல கெட்டதுன்னா சொத்துத் திருட்டு மட்டும்தானா? இதைவிட சீரியஸான கேள்வி எதுன்னு சொல்லுங்க. இடைக்கால கிறிஸ்தவ தத்துவவாதி தாமஸ் அக்வினாஸோட அழகியல் பத்தி ஆய்வு எழுதிப் பட்டம் வாங்கின அதே மூளைதான் தம்பி, டிவி க்விஸ் நடத்துறவரையும் அக்வினாஸையும் ஒரே கண்ணாடி போட்டுப் பாத்தார், மட்டம் உசத்தின்னு நீங்கதான் அலமாரி பிரிக்கிறீங்க.

எதுல ஆரம்பிக்கிறதுன்னா, வயித்த வலிக்க சிரிக்கிற மாதிரி பத்திகள் நிறைய எழுதியிருக்கார், அதுல எது வேணா. ஸ்டாக்ஹோம்ல பெரிய புகைபோட்ட சால்மன் மீன் வாங்கி லண்டன் ஹோட்டல் ஃப்ரிட்ஜ்ல வைக்கப் படுற பாடு ஒண்ணு. மீனுக்கு இடம் பண்ண பாட்டிலையெல்லாம் வெளிய எடுத்து வைப்பார், ஹோட்டல்காரங்க தினமும் திரும்ப நிரப்புவாங்க, கடைசியில அத்தனையும் இவர் குடிச்சதா பில் வரும். இன்னொண்ணு நூலகம் பத்தி 1981ல மிலான்ல பேசினது. மோசமான நூலகம் எப்படி இருக்கணும்னு விதிகள் போடுவார், நூலகர் வாசகனை எதிரியா, சோம்பேறியா, திருடனா பாக்கணும், முடிஞ்சா கக்கூஸே இருக்கக்கூடாதுன்னு போகும். எங்க ஊரு பக்கம் வந்து பாத்துட்டுத்தான் எழுதினாரோன்னு இருக்கும்.

'ரோஸ்' தொண்ணூறாவது பக்கத்துல நின்னதுக்கு வெக்கப்படாதீங்க, அங்க நிறைய பேர் நின்னுட்டுத்தான் இருக்காங்க. முதல் நூறு பக்கத்தைக் குறைங்கன்னு அவர் நண்பர்களும் பதிப்பகத்துலயும் சொன்னாங்க, ஒரேயடியா மறுத்துட்டார். கதை நடக்கிற அந்தக் கிறிஸ்தவத் துறவிகள் மடத்துக்குள்ள ஏழு நாள் இருக்கணும்னா அதோட நடைக்குப் பழகித்தான் ஆகணும், முடியாதவங்க மலையடிவாரத்துலயே இருந்துக்கட்டும்னு எழுதியிருக்கார், திமிரு புடிச்ச மனுஷன்! ஆனா அவரும் இஷ்டத்துக்கு ஆடல. கதை 1327 நவம்பர் கடைசியில நடக்குது. ஏன்னா டிசம்பர்ல சேசெனா மிக்கேல்ங்கிற நிஜ மனுஷர், பிரான்சிஸ்கன் துறவிகளோட தலைவர், போப் அப்போ இருந்த அவிஞோன்ல இருந்தாகணும், சரித்திரம் அது. இன்னொரு பக்கம், ஒரு பிணத்தை பன்னி ரத்தத் தொட்டியில தலைகீழா கவுக்கணும், குளிர் வந்தாத்தான் பன்னி அறுப்பாங்க, நவம்பர்ல அவ்வளவு குளிர் இருக்காது. விசாரிச்சுட்டு என்ன பண்ணினார், மடத்தைத் தூக்கி மலை மேல வச்சுட்டார், அங்க நவம்பர்லயே பனி. ஒரு தொட்டி பன்னி ரத்தத்துக்காக நாவலே மலையேறிடுச்சு. எழுதுறவனுக்கே அவன் கட்டின உலகம் 'முடியாது'ங்குது, வாசகனுக்குச் சொல்லாதா?

ரெண்டு பேர் பேசிக்கிட்டே சாப்பாட்டுக்கூடத்துல இருந்து முற்றத்துக்கு நடந்தா, வரைபடத்தை முன்னாடி வச்சுக்கிட்டு, தூரம் முடியுற இடத்துல பேச்சையும் முடிச்சிருக்கார். அதனாலதான் சொல்றேன், போன்ல பிடிஎஃப்ல அதைப் படிக்காதீங்க. புத்தகத்துல முன்னாடி மடத்தோட வரைபடம் ஒண்ணு இருக்கும், உங்க ஃபைல்ல அது இருந்தாலும் கட்டைவிரல் அளவுலதான் தெரியும். பழைய புத்தகக் கடையில சல்லிசா கிடைக்கும், இல்லைன்னா உங்க குழுவுல ஆளுக்குக் கொஞ்சம் போட்டு ஒண்ணு வாங்குங்க. வரைபடத்துல ஒரு விரலை வச்சுக்கிட்டு முதல் பக்கத்துல இருந்து திரும்ப ஆரம்பிங்க, லத்தீன் வந்தா டிக்ஷனரி தேடாம தாண்டிப் போங்க. எங்க நிக்கிறீங்கன்னு அடுத்த மாசம் எழுதுங்க.

அன்புடன்,
அக்கா